மகள் யாருடைய சொத்தும் அல்ல!

(உழைக்கும் மாதர் கூட்டமொன்றில் வழக்கறிஞர் ஒருவர் ஆற்றிய உரை)



ஹேபியஸ் கார்பஸ் மனு நம் இயக்கத்துக்குப் புதிதல்ல. 1950-ல் தோழர் ஏ. கே. கோபாலனைச் சென்னை ராஜ்ய சர்க்கார் விசாரணையின்றிச் சிறையில் வைத்தது. அவர் சுப்ரீம் கோர்ட்டில் தாக்கல் செய்தது இந்த மனுவைத்தான். கோர்ட்டு அவரை விடுவிக்க மறுத்தது உண்மை. ஆனாலும், "ஆளைக் கொண்டு வா! எந்தச் சட்டப்படி அடைத்தாய்?" என்று அதிகாரத்தில் இருப்பவனைக் கேட்கும் உரிமை இதில்தான் இருக்கிறது. தமிழில் இதை ஆட்கொணர்வு மனு என்கிறோம்.

இன்று ஹைகோர்ட்டுக்கு வந்து பாருங்கள். "என் மகளை ஒருவன் கடத்திவிட்டான்" என்று தகப்பனார் மனுப் போடுகிறார். போலீஸார் பெண்ணைக் கொண்டுவந்து நிறுத்துகிறார்கள். "என்னை யாரும் கடத்தவில்லை, பிடித்தவரைக் கல்யாணம் செய்துகொண்டேன்" என்கிறாள் பெண். அப்புறம்தான் சங்கதி வெளிவருகிறது: மாப்பிள்ளை வேறு ஜாதி, அல்லது வேறு மதம்!

இந்த மனுவே கூடாது என்கிறேனா? இல்லை. பெற்ற வீட்டில் பூட்டி வைக்கப்பட்ட பெண்ணையும், புருஷன் வீட்டில் அடைபட்ட பெண்ணையும் மீட்க இதுவே வழி. 1891-ல் இங்கிலாந்தில் நடந்த ஜாக்சன் வழக்கைக் கேளுங்கள். மாதாகோயிலிலிருந்து வெளியே வந்த மனைவியைக் கணவன் தூக்கிச் சென்று வீட்டில் அடைத்தான். மனைவி தன்னோடு வாழவேண்டும் என்ற கோர்ட்டுத் தீர்ப்பும் அவன் கையில் இருந்தது. அப்படியிருந்தும், மனைவியை அடைத்துவைக்கக் கணவனுக்கு உரிமையில்லை என்று சொல்லி அப்பீல் கோர்ட்டு அவளை விடுவித்தது.

ஆகவே கேள்வி ஒன்றுதான்: மனு யாருக்காக? மனுப் போட்டவருக்காகவா, அடைபட்டவருக்காகவா?

இந்தக் கேள்வியை மறந்தால் என்ன ஆகும்? கேரளத்து ஹாதியா வழக்கு கண்முன் நிற்கிறது. 24 வயதுப் பெண். ஹோமியோபதி வைத்தியம் படித்தவள். மதம் மாறினாள், கல்யாணமும் செய்துகொண்டாள். தகப்பனாரின் ஆட்கொணர்வு மனுவில், 2017 மே மாதம் கேரள ஹைகோர்ட்டு அந்தக் கல்யாணத்தையே செல்லாது என்றது. அவளைப் பெற்றோர் வீட்டுக்கு அனுப்பியது. அடைபட்டவரை விடுவிக்க வந்த மனு, விடுதலையாக இருந்தவளை அடைத்துவிட்டது! அந்த ஆண்டு நவம்பரில் சுப்ரீம் கோர்ட்டு அவளை நேரில் கேட்டது. படிப்பை முடிக்கச் சேலத்துக்கு அனுப்பியது. 2018 மார்ச் 8-ல் ஹைகோர்ட்டுத் தீர்ப்பை ரத்துச் செய்தது. ஆனால் அவள் இழந்த மாதங்களை யார் திருப்பிக் கொடுப்பார்கள்?

குழந்தைகள் விஷயம் வேறு. பிரிந்த தாய் தகப்பன் குழந்தைக்காக இந்த மனுவைப் போட்டால், சட்டவிரோதமாக வைத்திருக்கிறார்களா என்று கோர்ட்டு பார்க்கும். எல்லாவற்றுக்கும் மேலாகக் குழந்தையின் நலனைப் பார்க்கும். விரிவான விசாரணை வேண்டுமானால் குடும்பக் கோர்ட்டுக்குப் போகவேண்டும். ஆனால் 18 வயது நிறைந்த பெண் குழந்தையல்ல.

2024 மார்ச்சில் சுப்ரீம் கோர்ட்டு எல்லாக் கோர்ட்டுகளுக்கும் வழி வகுத்தது. பெண்ணிடம் நீதிபதி தனிமையில் பேசவேண்டும். பெற்றோரோ போலீஸாரோ பக்கத்தில் நின்று மிரட்டக் கூடாது. மனத்தை மாற்ற "ஆலோசனை" என்ற பெயரில் அனுப்பக் கூடாது. வீட்டுக்குப் போக விருப்பமில்லை என்றால் உடனே விடவேண்டும்.

தோழர்களே! தீர்ப்பு காகிதத்தில் இருந்தால் போதாது. கோர்ட்டு வராந்தாவில் ஒரு பக்கம் ஜாதிக் கூட்டம், ஒரு பக்கம் போலீஸார், நடுவில் ஒற்றைப் பெண் — இதுதான் நிலைமை. அவள் வயதைக் காட்டும் பள்ளிச் சான்றிதழை எடுத்துக் கொடுங்கள். வக்கீலை ஏற்பாடு செய்யுங்கள். கோர்ட்டு வாசலில் அவளோடு நில்லுங்கள். அவள் சார்பில் நீங்கள் பேசவேண்டாம். அவள் பயமின்றிப் பேச வழி செய்யுங்கள். அது போதும்!