நிலத்துக்கு ஏல நோட்டீஸ் வந்தால்



நாற்றுக்கும் உரத்துக்கும் யோசனை சொல்ல வேண்டியவன் இன்றைக்கு வங்கி ஏலத்தைப் பற்றிப் பேசுகிறேன். காரணம் இருக்கிறது. கும்மிடிப்பூண்டி, பொன்னேரிப் பக்கம் தொழிற்பேட்டையை நம்பிப் பட்டறை வைக்கும் மகனுக்கோ மருமகனுக்கோ கடன் கிடைக்கட்டும் என்று நம் நிலப் பத்திரத்தை வங்கியில் வைக்கிறோம். பட்டறை படுத்துவிட்டால் நோட்டீஸ் நம் வீட்டுக்கும் வரும். "கடன் வாங்கினது நான் இல்லீங்களே" என்று சொல்லித் தப்ப முடியாது. சட்டத்தின் கண்ணில் ஜாமீன்தாரரும் கடன்காரர்தான்.

வருவது பெரும்பாலும் 2002-ஆம் ஆண்டு சர்பாசி சட்டத்தின்படி வரும் நோட்டீஸ். கோர்ட்டுக்குப் போகாமலே சொத்தைக் கைப்பற்றி விற்க வங்கிக்கு வழி செய்த சட்டம் அது. ஆனால் அதே சட்டத்தின் 31-ஆம் பிரிவு, விவசாய நிலத்தின் மேல் உள்ள அடமானத்துக்கு இது பொருந்தாது என்கிறது.

பட்டாவில் நஞ்சை என்று இருக்கிறதே, அது போதும் என்று இருந்துவிடாதீர்கள். 2018-ல் தமிழ்நாட்டிலிருந்து உச்சநீதிமன்றம் போன இந்தியன் வங்கி வழக்கில், நிலத்தின் தன்மை என்ன, எதற்குப் பயன்படுகிறது, அடமானம் வைத்த நாளில் இரு தரப்பாரின் நோக்கம் என்ன என்று எல்லாவற்றையும் சேர்த்துப் பார்க்க வேண்டும் என்றார்கள். அதே ஆண்டு கோவா ஹோட்டல் வழக்கிலும், பதிவேட்டில் விவசாய நிலம் என்று இருந்தது மட்டும் உதவவில்லை.

நம் பகுதிக்கு இது முக்கியம். நாளைக்குக் கம்பெனிக்காரன் வாங்குவான் என்று நல்ல நிலத்தைத் தரிசாகப் போட்டு, கல் நட்டு வைத்திருப்பவர்கள் நிறைய. அப்படிப்பட்ட நிலத்தை விவசாய நிலம் என்று வாதாடுவது கஷ்டம். பயிர் வைப்பவர்கள் சொர்ணவாரி, சம்பா, நவரை எதுவானாலும் அந்தந்தப் பருவத்தில் அடங்கலில் பயிர் ஏறியிருக்கிறதா என்று கிராம நிர்வாக அலுவலரிடம் பாருங்கள். அடமானம் வைத்த ஆண்டின் அடங்கல் நகல் கட்டாயம் கையில் இருக்கட்டும். விதை வாங்கின பில், கொள்முதல் நிலையத்தில் நெல் போட்ட ரசீது, இவற்றையும் தூக்கிப் போடாதீர்கள்.

முதல் நோட்டீஸ் 60 நாள் தவணை கொடுக்கும். அதற்குள் ஆட்சேபணையை எழுதி, பதிவுத் தபாலில் அனுப்புங்கள். வங்கி 15 நாளில் காரணத்தோடு பதில் சொல்ல வேண்டும். பிறகு சொத்தைச் சுவாதீனம் எடுத்ததாக நோட்டீஸ் ஒட்டினால், அதிலிருந்து 45 நாளுக்குள் சென்னையில் உள்ள கடன் மீட்புத் தீர்ப்பாயத்தில் மனுப் போட வேண்டும். இந்த நாள் கணக்கைக் கோட்டை விட்டால் பிறகு பாடுதான். உள்ளூர் கோர்ட்டில் தடை வாங்கித் தருகிறேன் என்று யாராவது பணம் கேட்டால் யோசியுங்கள். தீர்ப்பாயம் விசாரிக்க வேண்டிய விஷயத்தில் சிவில் கோர்ட் தலையிட அந்தச் சட்டத்தின் 34-ஆம் பிரிவு இடம் கொடுக்காது. முன்பு மனுப் போடவே பாக்கியில் முக்கால் பங்கைக் கட்ட வேண்டியிருந்தது. 2004-ல் மார்டியா கெமிக்கல்ஸ் வழக்கில் உச்சநீதிமன்றம் அதை ரத்து செய்துவிட்டது. இப்போது கோர்ட் கட்டணம் கட்டினால் போதும்.

ஏலத்திலும் முறை உண்டு. அங்கீகாரம் பெற்ற மதிப்பீட்டாளர் விலை போட வேண்டும். முதல் ஏலத்துக்கு 30 நாள் முன்னறிவிப்பு வேண்டும். இதில் குறை இருந்தால் தீர்ப்பாயத்தில் சொல்லலாம்.

ஆனால் "ஏலத்தன்னிக்குப் பணத்தோட போய் நின்னுக்கலாம்" என்ற பழைய எண்ணம் வேண்டாம். 2016 திருத்தத்துக்குப் பிறகு, ஏல அறிவிப்பு வெளியாவதற்கு முன்பே முழுப் பாக்கியையும் செலவுத் தொகையையும் கட்டினால்தான் மீட்கும் உரிமை. 2023-ல் உச்சநீதிமன்றமும் இதை உறுதி செய்தது.

இன்னொன்றையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். விவசாய நிலம் என்று ஜெயித்தாலும் கடன் தள்ளுபடி ஆகாது. வங்கி முறைப்படி வழக்குப் போட்டு வசூலிக்கலாம். உங்களுக்குக் கிடைப்பது அவகாசமும், தவணை பேச ஒரு பிடிமானமும்.

வக்கீல் வைக்க வசதியில்லாதவர்கள் திருவள்ளூர் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவை அணுகலாம். பெண்களுக்கும் தாழ்த்தப்பட்ட, பழங்குடி மக்களுக்கும் வருமான வரம்பு கிடையாது. தொலைபேசி எண் 15100. போகும்போது நோட்டீஸ் வந்த தபால் உறையையும் எடுத்துப் போங்கள், தேதி முத்திரை அதில்தான் இருக்கும்.