போய் வருகிறோம்

பிரிந்து செல்வோர் ‘போகிறேன்’ என்று சொல்லுதல் நம்மவர் வழக்கமன்று. ‘போய் வருகிறேன்’ என்பதே மரபு. அட்டன், தலவாக்கலை, நுவரெலியாத் தோட்டங்களில் ஒரு காலத்தில் அம்மரபுச் சொல்லே நாவைக் கூசச் செய்தது.

1948 ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டம் தோட்டத் தமிழரை நாடற்றோராக்கியது. 1964 அக்டோபர் 30 இல் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் லால் பகதூர் சாஸ்திரியும் ஓர் ஒப்பந்தஞ் செய்தனர். 975,000 பேரில் 525,000 பேர் இந்தியாவுக்கு; 300,000 பேர் இலங்கைக்கு; எஞ்சிய 150,000 பேரின் கதி பிறகு பார்த்துக்கொள்ளப்படும். பறித்த கொழுந்தைக்கூட இதனினும் கவனமாக நிறுப்பார்கள்!

புறப்படும் குடும்பத்தை வெறும் வயிற்றோடு அனுப்ப லயத்தாருக்கு மனம் வராது. அண்ணன் காம்பராவில் விருந்து நடக்கும். தம்பி இந்தியாவுக்கு மனுப்போட்டவன். அண்ணன் இங்கேயே இருக்க மனுப்போட்டவன். எவர் செய்தது சரி என்ற வினா இருவர் நெஞ்சிலும் உறுத்தும், வாய்திறந்து கேட்பாரில்லை.

“இன்னுங் கொஞ்சம் சோறு வைக்கட்டுமா, தம்பி?”

“போதும் அண்ணி, வயிறு நிறைஞ்சிருச்சு.”

இலையில் சோறு பாதி அப்படியே இருக்கும். கறி நன்றாயிருக்கிறதென்று ஒருவர் சொல்ல, மற்றவர் ஆமென்பர். மலைச்சரிவிற் புதைக்கப்பட்ட தாயின் நினைவு எல்லோருக்கும் வரும். பேச்சோ மழையைப் பற்றியே நடக்கும். “சித்தப்பா எப்ப திரும்பி வருவாங்க?” என்று குழந்தை கேட்டுவிட்டால், பெரியவர் எவரேனும் அவசரமாகத் தேநீர் கொண்டுவரச் சொல்வார்.

அடக்கிய அழுகையெல்லாம் ரயில் மேடையில் வெடிக்கும். தலைமன்னார்க் கப்பலுக்கு ஆட்களை ஏற்றிச்சென்ற அவ்வண்டிக்கு மலையகத்தார் இட்ட பெயர் ‘அழுகைக் கோச்சி’. அங்கும் சன்னலுக்குள்ளிருந்து கேட்ட சொல், ‘போய் வருகிறோம்.’