முத்திரையில்லா ஓலை



திரையில் விளையாடும் மின்னணுக் கருவிகளைப் பற்றிய பேச்சு என்றவுடன், இது பொழுதுபோக்குச் செய்தி என்று நீங்கள் எண்ணக்கூடும். நான் சொல்ல வந்ததோ நம்பிக்கையைப் பற்றியது.

அரசனின் ஓலையை முத்திரை பார்த்தே ஏற்பது பண்டைய வழக்கம். இக்கருவிகளும் அவ்வாறே செய்கின்றன. உள்ளே வரும் மென்பொருளில் தயாரித்தவர் இட்ட எண்முறைக் கையொப்பம் இருக்கிறதா என்று ஆராய்கின்றன. இடையில் எவரேனும் ஓரெழுத்தை மாற்றியிருந்தாலும் கையொப்பம் பொருந்தாது. கருவி அதை ஏற்காது.

இந்தக் காவலை நீக்கிக் கருவியை மாற்றியமைப்பவர் பலர். தாமே எழுதிய நிரலை அதில் ஓட்டிப் பார்க்கும் ஆவல் சிலரைத் தூண்டுகிறது. அந்த ஆவலை நான் பழிக்கவில்லை. ஆயினும் நண்பனுக்காகத் திறந்து வைத்த கதவு திருடனுக்கும் திறந்தேதான் இருக்கும்.

2005-ஆம் ஆண்டு நடந்ததைக் கேளுங்கள். சோனி நிறுவனத்தின் பிளேஸ்டேஷன் போர்ட்டபிள் என்னும் கையடக்கக் கருவி அப்போது புதிது. அதன் 1.50 பதிப்பில் சொந்த நிரல்களை ஓட்ட ஆர்வலர்கள் வழி கண்டிருந்தனர், 2.00 பதிப்பு அவ்வழியை அடைத்தது. பழைய பதிப்புக்குத் திரும்பப் பலரும் விரும்பினர். அவ்விருப்பத்தை அறிந்த யாரோ ஒருவர், அக்டோபர் மாதத்தில், திரும்பும் வழி இதுவே என்று ஒரு நிரலை இணையத்தில் உலவவிட்டார். அதை நம்பி ஓட்டியவர்களின் கருவியில் இன்றியமையாத நான்கு கோப்புகள் அழிந்தன. பிறகு கருவி தொடங்கவே இல்லை. தொடங்குவதற்குரிய கட்டளைகளே அழிந்தபின், திருத்தும் நிரலை எங்ஙனம் உள்ளே செலுத்துவது? வாய் அடைத்த நோயாளிக்கு மருந்து புகட்டுவது எப்படி? அதே மாதம் நிண்டெண்டோ டிஎஸ் கருவியைக் கெடுக்கும் நிரலும் வெளிப்பட்டது.

இங்கே கருதத்தக்கது ஒன்று உண்டு. அந்நிரல் தானாக உள்ளே நுழையவில்லை. உரியவரே அதை விரும்பி அழைத்து, தம் கையால் ஓட்டினார். விருப்பம் மிகும்போது விசாரணை குறைகிறது; வஞ்சகர் காத்திருப்பதும் அந்த வேளைக்கே.

ஆகவே, ஊர் பேர் தெரியாத புதுப்பிப்பு எதையும் கருவியில் ஏற்றாதீர்கள். எழுதியவர் யார், அவரே வெளியிட்ட இடம் எது, அவர் அறிவித்த சரிபார்ப்பு எண்ணோடு கோப்பு ஒத்திருக்கிறதா என்று பாருங்கள். கருவியின் நினைவகத்துக்கு முன்னதாகவே ஒரு நகல் எடுத்து வையுங்கள். காவலனை அனுப்பிவிட்ட வீட்டில், வீட்டுக்காரன்தான் விழித்திருக்க வேண்டும்.