பழைய படச்சுருள் சொல்லும் சாட்சி
(ஆவணப்படத் திரையிடலில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



“பழைய காட்சிகளை ஒட்டி வெச்சா ஆவணப்படம் ஆயிடுமா?” இந்தக் கேள்வி அடிக்கடி வருது. இதுக்குப் பதில் நம்ம மண்ணிலேயே இருக்கு. அவர் பேரு ஏ.கே. செட்டியார்.

கோட்டையூர்க்காரர். ‘குமரி மலர்’ இதழை நடத்தியவர். டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக் கலை படிச்சவர். 1937 அக்டோபர் 2, காந்தியின் பிறந்தநாள். நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குப் போகும் கப்பலில் இருந்தவருக்கு, காந்தியைப் பற்றி ஒரு ஆவணப்படம் எடுக்கணும்னு தோணுச்சு. அப்போ அவருக்கு 25 வயசு.

ஆனா தென்னாப்பிரிக்கப் போராட்டமும் உப்புச் சத்தியாகிரகமும் அதுக்கு முன்னாடியே நடந்து முடிஞ்சாச்சு. நடந்ததைத் திரும்பப் படம்பிடிக்க முடியுமா? நடிகர்களை வெச்சு எடுத்தா அது வேற சினிமா. அதனால, ஏற்கெனவே எடுத்தவங்களைத் தேடிக் கிளம்பினார். நாடு நாடாக ஒரு லட்சம் மைல் பயணம். 30 ஆண்டுகளில் நூற்றுக்கும் மேற்பட்ட ஒளிப்பதிவாளர்கள் எடுத்த 50,000 அடி படச்சுருள் சேர்ந்தது. அதைத் தொகுத்து 12,000 அடிப் படமாக்கி, தமிழ் விளக்கவுரையோடு 1940-ல் சென்னையில் வெளியிட்டார். அதுவும் வெள்ளைக்காரன் ஆட்சியிலேயே!

1930-ல் தண்டி யாத்திரைப் படங்களைத் தடை செய்த ஆட்சி அது. ஏன் தடை செய்தாங்க? பேப்பர்ல வர்ற செய்தியை “மிகைப்படுத்துறாங்க”ன்னு தள்ளிவிடலாம். ஜனங்க திரண்டு நடந்து வர்றதைக் கண்ணால பார்த்தவன்கிட்ட அப்படிச் சொல்லித் தப்பிக்க முடியாது. பழைய காட்சிப் பதிவுக்கு ஆவணப்படத்தில் இருக்கும் பலம் இதுதான். அது சாட்சி.

ஆனா தேதியை மாத்தி, ஊரை மாத்திப் போட்டா அதே காட்சி பொய்ச்சாட்சி ஆயிடும். எங்கேயோ, எப்பவோ நடந்த கலவரக் காட்சி “நேற்று நடந்தது”ன்னு நம்ம போனுக்கே வருதா இல்லையா? அதனாலதான் நல்ல ஆவணப்படக்காரர் எந்தக் காட்சியைக் கண்டாலும் முதல்ல கேட்பது: எடுத்தது யார்? எங்கே? எப்போ? யாருக்காக?

இன்னொரு வேதனையும் இருக்கு. செட்டியாரின் தமிழ்ப் படம் முழுசா இன்னிக்கு நம்ம கையில இல்லை. 1953-ல் அமெரிக்காவில் வெளியான சுருக்கமான ஆங்கில வடிவத்தையே வரலாற்றாய்வாளர் ஆ.இரா. வேங்கடாசலபதி அங்கேதான் தேடிக் கண்டெடுக்க வேண்டியிருந்தது. உலகம் சுத்திச் சேர்த்தவரின் படத்தையே நாம பத்திரப்படுத்தலை!

அதனால தோழர்களே, மூணு விஷயம்.

✅ மறியலோ, வெள்ள நிவாரணமோ, கிராமசபையோ, எடுத்த வீடியோவின் மூலக்கோப்பை அழிக்காதீங்க. வாட்ஸ்அப்பில் சுத்தி வர்ற பிரதியில தரமும் குறையும், எடுத்த தேதி விவரமும் பெரும்பாலும் போயிடும்.
✅ தேதி, ஊர், எடுத்தவர் பேர் எழுதி, ரெண்டு இடத்துல சேமிச்சு வையுங்க.
✅ எப்போ எடுத்ததுன்னு தெரியாத காட்சியைப் பகிராதீங்க, அது நமக்குச் சாதகமா இருந்தாலும்.

நாளைக்கு இந்தக் காலத்தைத் தேடி இன்னொரு செட்டியார் வருவார். அவர் கையில கொடுக்க நம்மகிட்ட உண்மையான பதிவு இருக்கணும்.



#ஆவணப்படம் #ஏகேசெட்டியார்