திரிதலும் திரளலும்: ஒரு கூழ்ம வேதியியல் சொல்லின் வழக்கு

(சாந்தோமில் நிகழ்த்திய அறக்கட்டளைச் சொற்பொழிவு)



இந்த ஆண்டு உரைக்கு ஒரே ஒரு கலைச்சொல்லை எடுத்துக்கொண்டேன். பன்னிரண்டாம் வகுப்பு வேதியியலில், கூழ்மங்களைப் பற்றிய பக்கங்களில், கண்ணில் பட்டும் படாமலும் கடந்துபோகிற சொல் அது: திரிதல். ஆங்கில நூல்களில் இதற்குக் கோயாகுலேஷன் என்றும் ஃப்ளாக்குலேஷன் என்றும் இரண்டு பெயர் உண்டு. தேர்வில் இரண்டையும் ஒன்றாக எழுதினாலும் மதிப்பெண் போட்டுவிடுவார்கள். குடிநீர் நிலையத்திலும் வயலிலும் அப்படிச் சலுகை கிடைப்பதில்லை. துகள்கள் ஒன்றுசேர்ந்தன என்று சொன்னால் பாதிதான் சொன்னதாகும். எது சேர்த்தது, இறுக்கமாகச் சேர்ந்ததா தளர்வாகவா, திரும்பப் பிரியுமா என்ற மூன்றையும் கேட்டால்தான் இந்தச் சொல் வேலை செய்யும். இதுதான் என் கட்சி.

எடுத்துக்காட்டுக்குத் தொலைவாகப் போக வேண்டாம். இந்த அரங்கிலிருந்து தெற்கே பட்டினப்பாக்கம் தாண்டி, சீனிவாசபுரம் வரை நடந்தால் அடையாற்றின் முகத்துவாரம். எதிர்க்கரையில் ஊரூர்க்குப்பம். கோடையில் மணல்திட்டு வாயை அடைத்துவிடும். அப்போது பார்க்க ஒன்றுமில்லை, மூக்கைப் பொத்திக்கொண்டு திரும்பிவிடலாம். வடகிழக்குப் பருவமழை பெய்து ஆறு புரளும்போதுதான் போக வேண்டும். சைதாப்பேட்டைப் பாலத்தடியில் தேநீர் நிறத்தில் ஓடிய தண்ணீர், கடலைத் தொட்ட இடத்துக்கு அப்பால் பட்டை பட்டையாகக் கிழிந்து வெளிறும். மழைத்தண்ணீர் கடல்நீரில் கலந்து நீர்த்துப்போவதுதான் காரணம் என்று நினைப்போம். அது பாதிக் காரணம். மீதிப் பாதியில்தான் நம் சொல் இருக்கிறது.

களிமண் துகள் மிகப் பெரிதென்றால் இரண்டு மைக்ரோமீட்டர். ஒரு மைக்ரோமீட்டர் அளவுள்ள துகள் அசையாத நீரில் ஒரு மீட்டர் இறங்கப் பத்து நாளுக்கு மேல் ஆகும். அசையாத நீர் ஆற்றில் ஏது? ஆகவே அது இறங்குவதே இல்லை. இத்தனை கோடித் துகள்கள் ஒன்றோடொன்று மோதியும் ஒட்டாமல் இருப்பதற்குக் காரணம், அவற்றின் தட்டையான முகங்கள் எதிர்மின்சுமை கொண்டவை. அந்தச் சுமையைச் சுற்றி நீரிலுள்ள நேர்மின் அயனிகள் ஒரு போர்வைபோலச் சூழ்ந்திருக்கும். நன்னீரில் அந்தப் போர்வையின் தடிமன் பத்து நானோமீட்டர் அளவு. அது இருக்கும்வரை துகள்கள் ஒன்றையொன்று விலக்கியே நிற்கும். கடல்நீரில் ஒரு கிலோவுக்கு 35 கிராம் உப்பு. அங்கே அதே போர்வை அரை நானோமீட்டருக்கும் கீழே சுருங்கிவிடுகிறது. துகள்கள் நெருங்குகின்றன, நெருங்கியதும் வான்டெர்வால்ஸ் ஈர்ப்பு பிடித்துக்கொள்கிறது. பல துகள்கள் கூடிய திரள் ஒரு மீட்டரை அரைமணிக்குள் இறங்கிவிடும். இதற்கு முழுக் கடல்நீர்கூட வேண்டியதில்லை. லிட்டருக்குச் சில கிராம் உப்பே பல களிமண்களுக்குப் போதும். அதனால்தான் ஆற்று வண்டலில் ஒரு பங்கு கடலுக்குள் வெகுதூரம் போகாமல் வாயிலேயே படிகிறது.

மேசைமேல் இரண்டு கண்ணாடி உருளைகள் வைத்திருக்கிறேன். இரண்டிலும் ஒரே குளத்து வண்டலை வாலைவடிநீரில் கரைத்தோம். வலப்பக்கத்து உருளையில் மட்டும், சற்றுமுன் சாலைக்கு அந்தப்புறம் போய் மொண்டுவந்த கடல்நீரில் கால் டம்ளர் விட்டோம். பின்வரிசையில் இருப்பவர்களுக்கும் தெரியும் என்று நினைக்கிறேன்: வலப்பக்கத்தில் மேலே ஒரு விரற்கடை தெளிந்துவிட்டது, நடுவில் பஞ்சுப்பிசிறு போன்ற துணுக்குகள் இறங்கிக்கொண்டிருக்கின்றன. இடப்பக்கம் நாளைக் காலையிலும் இப்படியேதான் இருக்கும். இப்போது வலப்பக்கத்து உருளையைக் கொஞ்சம் பலமாகக் குலுக்குகிறேன். துணுக்குகள் உடைந்து மறுபடி கலங்குகிறது. கீழே வைத்தால் மறுபடி கூடும். இந்த உடைவை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள், பிறகு தேவைப்படும்.

உப்பு பட்டால் கூழ்மம் கெடும் என்பதை முதலில் அழகாகக் காட்டியவர்களில் ஒருவர் மைக்கேல் பாரடே. 1857இல் லண்டனில் தங்கத் துகள்களின் மாணிக்கச் சிவப்பு நீர்மத்தைச் செய்தார். அதில் சிறிது உப்பிட்டதும் நிறம் நீலத்துக்கு மாறியது. ஒட்டும் கூழ் போன்ற பொருள் கலந்திருந்தால் மாறவில்லை. கூழ்மம் என்ற வகைக்கே கொலாய்டு என்று தாமஸ் கிரஹாம் பெயர் வைத்தது அதற்கு நான்கு ஆண்டுகள் கழித்து, 1861இல். எந்த உப்பு எவ்வளவு வேண்டும் என்று கணக்குப் பார்த்தவர் ஹான்ஸ் ஷூல்ட்சே, 1882. ஆர்சனிக் சல்பைடு கூழ்மத்தைத் திரிக்கச் சோடியம் குளோரைடு லிட்டருக்கு 51 மில்லிமோல் தேவை. கால்சியம் குளோரைடு என்றால் 0.65 போதும். அலுமினியம் குளோரைடு வெறும் 0.093. அயனியின் மின்சுமை ஒன்று கூடினால் தேவை பத்துமடங்கு, நூறுமடங்கு என்று சரிகிறது. வில்லியம் ஹார்டி 1900இல் இதை உறுதிசெய்தார். பாடநூலில் ஹார்டி-ஷூல்ட்சே விதி என்று நாம் மனப்பாடம் செய்வது இதைத்தான். விதியின் அடியிலிருந்த காரணத்தை இரண்டாம் உலகப்போரை ஒட்டிய ஆண்டுகளில் சோவியத் நாட்டில் தெரியாகின், லந்தாவ் இருவரும் (1941), நெதர்லாந்தில் வெர்வே, ஓவர்பீக் இருவரும் (1948) தனித்தனியே எழுதினார்கள். நம் நாட்டில் கல்கத்தாவின் ஞானேந்திரநாத் முகர்ஜி கூழ்மங்களின் மின்சுமையையும் திரிதலையும் ஆராய்ந்து, பின்னர் களிமண்ணுக்கு வந்து, இந்திய வேளாண் ஆராய்ச்சி நிறுவனத்தின் இயக்குநராகவும் இருந்தார். திரிதலைப் படித்தவர் வயலுக்கு வந்தது தற்செயலில்லை என்பது கடைசியில் விளங்கும்.

இனி வழக்குக்கு வருகிறேன். கோயாகுலேஷன் என்ற சொல்லின் வேர் பாலை உறையவைக்கும் பொருள். ஃப்ளாக்குலேஷனின் வேர் கம்பளிப் பிசிறு. வெகுகாலம் இரண்டையும் கலந்தே எழுதினார்கள். 1960களில் கொலம்பியா பல்கலைக்கழகத்தின் விக்டர் லா மேர் ஒரு கோடு போட்டார்: உப்பால் மின்விலக்கம் குறைந்து சேர்ந்தால் கோயாகுலேஷன், நீண்ட பாலிமர்ச் சங்கிலிகள் துகளுக்குத் துகள் பாலமிட்டுச் சேர்த்தால் ஃப்ளாக்குலேஷன். பன்னாட்டு வேதியியல் ஒன்றியம் 1972இல் கூழ்மக் கலைச்சொற்களை வரையறுத்தபோது அந்தக் கோட்டை அப்படியே ஏற்கவில்லை. இரண்டு சொல்லும் ஒன்றுக்கொன்று மாற்றாக வழங்குகின்றன, ஆனால் இறுக்கமான திரட்சிக்கு முதலாவதையும் தளர்ந்த, திறந்த வலைக்கு இரண்டாவதையும் சிலர் விரும்புகிறார்கள் என்று எழுதி வைத்தது. லா மேர் காரணத்தைக் கேட்டார். ஒன்றியம் விளைவின் வடிவத்தைக் கேட்டது. ஒன்றியத்தின் வரையறை வழவழவென்று இருப்பதாகக் குறைசொல்பவர்கள் உண்டு. எனக்கு அது நேர்மையாகவே படுகிறது.

குடிநீர்ப் பொறியாளர்களுக்கு இந்த இரண்டு பேரும் பொருட்டில்லை. அவர்களுக்கு அவை அடுத்தடுத்த இரண்டு வேலைகள். கீழ்ப்பாக்கத்தில் 1914 முதல் இயங்கும் நிலையமானாலும், செம்பரம்பாக்கத்தின் நாளொன்றுக்கு 530 மில்லியன் லிட்டர் நிலையமானாலும், அடிப்படை ஒன்றுதான். படிகாரம், அவர்கள் வாயில் ‘ஆலம்’, விழுந்ததும் வேகமாகக் கலக்கி அலுமினியத்தை எல்லாத் துகளுக்கும் கொண்டுசேர்ப்பது கோயாகுலேஷன். பிறகு மெல்ல மெல்லக் கிளறித் துணுக்குகளை வளர்ப்பது ஃப்ளாக்குலேஷன். மழைக்காலத்தில் ஏரிநீரின் கலங்கல் மாறும்போதெல்லாம் ஆய்வகத்தில் ‘ஜார் டெஸ்ட்’ போடுவார்கள். ஆறு பீக்கர், ஆறிலும் வெவ்வேறு அளவு ஆலம். ஒரு நிமிடம் துடுப்புகள் விர்ரென்று சுற்றும். பிறகு வேகத்தைக் குறைத்துக் கால்மணியோ இருபது நிமிடமோ. அப்புறம் நிறுத்திவிட்டுப் பார்ப்பது. முதல் பீக்கரில் பால்போன்ற மங்கல் மட்டும் நிற்கும். நடுவிலுள்ள ஒன்றில் ஊசிமுனை அளவுத் துணுக்குகள் தோன்றி, அரிசிக்குருணை அளவாகி, பனிபோல இறங்கும். “ஃப்ளாக் நல்லா வந்திருக்கு” என்று பணியாளர் சொல்வது அதைப் பார்த்துத்தான். ஆலத்தை அள்ளிப்போட்டால் இன்னும் நல்லது என்று எண்ண வேண்டாம். ஆலம் நீரின் காரத்தன்மையைத் தின்னும்; பி.எச். சரிந்தால் அலுமினியம் கரைந்து குழாய்க்கே வந்துவிடும். இந்தியத் தரநிர்ணயம் குடிநீரில் லிட்டருக்கு 0.03 மில்லிகிராம் அலுமினியத்தை ஏற்கிறது. மாற்று வழி இல்லாவிட்டால் 0.2 வரை.

மெல்லக் கிளறுவது ஏன்? நம் வலப்பக்கத்து உருளையைக் குலுக்கியபோது நடந்ததே காரணம். தளர்வாகக் கட்டிய துணுக்கு வேகத்தைத் தாங்காது. ஆகவே பொறியாளரின் வழக்கு, பார்ப்பதற்கு வெறும் வரிசைமுறைபோலத் தெரிந்தாலும், ஒன்றியம் சொன்ன இறுக்கம், தளர்வு என்ற பேதத்தையே கையால் தொட்டுச் சொல்கிறது.

நம் வீடுகளிலும் இந்தப் பேதம் இருந்திருக்கிறது, பெயரில்லாமல். தேற்றாங்கொட்டையை மண்குடத்தின் உட்புறம் உரசிக் கலங்கல் நீரை ஊற்றினால் சில மணியில் தெளியும். கலித்தொகையில் இல்லம் என்ற பெயரில் இந்த மரத்தின் விதை நீரைத் தெளிவிப்பது உவமையாகவே வருகிறது. அவ்வளவு பழகிய காரியம். முருங்கை விதையை இடித்துப் போட்டாலும் தண்ணீர் தெளியும். சூடான் பெண்கள் நைல் நதியின் சேற்றுநீரை முருங்கை விதையால் தெளியவைப்பதை 1970களில் இருந்து ஆராய்ந்து உலகுக்குச் சொன்னவர் சாமியா அல் அசரியா யான் என்ற ஜெர்மானிய ஆய்வாளர். இரண்டு விதைகளும் செய்வது ஒரே வேலை என்றுதான் தோன்றும். ஆனால் முருங்கை விதையிலுள்ள புரதம் நேர்மின்சுமை கொண்டது. களியின் எதிர்மின்சுமையை நேராகவே தணிக்கிறது. தேற்றாங்கொட்டையில் முக்கியப் பங்கு நீண்ட சங்கிலியாலான பாலிசாக்கரைடுகளுக்கு. அவை துகள்களுக்கிடையே பாலமிடுகின்றன. லா மேரின் கணக்கில் முருங்கை ஒருபுறம், தேற்றா மறுபுறம். மாணவர்கள் ஆய்வேட்டில் இரண்டையும் ‘இயற்கைத் திரிப்பான்’ என்று ஒரே கூடையில் போடுவதைப் பார்க்கும்போது சிவப்பு மை தேடத் தோன்றுகிறது. முருங்கை அளவு மிஞ்சினால் துகள்கள் நேர்மின்சுமை பெற்று மறுபடி விலகி நின்றுவிடும். பாலமிடும் பொருள் மிஞ்சினாலும் கலங்கும். ஆனால் அங்கே காரணம் வேறு, பாலம் போட வெற்றிடமே இல்லாமல் ஒவ்வொரு துகளும் மூடப்பட்டுவிடுகிறது. குறை ஒன்றுபோல் இருந்தாலும் மருந்து வேறு.

பாலைப் பற்றியும் இரண்டு வரி. பாலின் கேசின் உருண்டைகள் பி.எச். 4.6ஐ நெருங்கும்போது சுமை இழக்கின்றன. உறைமோர் விட்டு அசையாமல் வைத்தால் வலைபின்னித் தயிராக உறைகிறது. கொதிக்கும் பாலில் புளிப்பு பட்டால் கட்டிகட்டியாகத் திரிகிறது. உறைந்தது, திரிந்தது என்று நம் அம்மாக்கள் இரண்டு சொல் வைத்திருந்தார்கள். இரண்டிலும் பழைய பால் திரும்பக் கிடைக்காது.

களிமண்ணில் திரும்பக் கிடைக்கும். அதில்தான் ஆபத்து. 2004 டிசம்பர் 26இல் ஆழிப்பேரலை இந்தக் கரையையும் தாக்கியது. வயல்களுக்கு வந்த சேதம் நாகப்பட்டினம் மாவட்டத்தில் மிகப் பெரிது. ஆயிரக்கணக்கான ஹெக்டேரில் கடல்நீர் நின்றது. உப்பு இருக்கும்வரை அந்த மண் திரண்டே இருந்தது. நீர் உள்ளே இறங்கியது. மழை வந்து உப்பைக் கழுவினால் பிழைத்தோம் என்றுதான் யாரும் நினைப்பார்கள். கரைசலில் இருந்த உப்பு போகும், களியோடு ஒட்டிய சோடியம் போகாது. உப்புச்செறிவு குறைந்ததும் மின்போர்வை மறுபடி விரிகிறது, திரள் கலைகிறது, களி தனித்தனித் துகளாகி மண்ணின் துளைகளை அடைக்கிறது. கிரஹாம் 1864இல் பெப்டைசேஷன் என்று பெயரிட்ட மறுகரைவு இதுதான். மேலே தண்ணீர் தேங்கும், காய்ந்தால் ஓடுபோல இறுகும். இதைத் தடுக்கத்தான் ஜிப்சம் இடச் சொன்னார்கள். ஜிப்சத்திலுள்ள இரட்டைச் சுமை கொண்ட கால்சியம் சோடியத்தைப் பெயர்த்துவிட்டு அந்த இடத்தில் உட்காரும். அதன்பின் கழுவினால் சோடியம் வடிகாலில் போகும், திரள் கலையாது. முதலில் ஜிப்சம், பிறகு தண்ணீர். இந்த வரிசை ஹார்டி-ஷூல்ட்சே விதியிலிருந்து நேராக வருவது.

ஆகவே கடல்நீர் புகுந்த நிலத்தின் மண் பரிசோதனை அறிக்கையில் மின்கடத்துதிறன் குறைந்திருக்கிறது என்பதை மட்டும் பார்த்து நிம்மதியடையக் கூடாது. கீழே இன்னொரு எண் இருக்கும்: களியோடு ஒட்டியிருக்கும் சோடியத்தின் விழுக்காடு. அது 15ஐத் தாண்டியிருந்தால், அடுத்த நல்ல மழையில் அந்த நிலம் இறுகும்.