ஊசியால் எழுதிய காவியம்



அமெரிக்காவின் ஜார்ஜியா மாநிலத்தில் 1837இல் அடிமையாகப் பிறந்தவர் ஹாரியெட் பவர்ஸ். விடுதலைக்குப்பின், துணித்துண்டுகளை உருவங்களாக வெட்டித் தைத்து, விவிலியக் கதைகளைப் பதினொரு கட்டங்களில் ஒரு போர்வையாக்கினார். 1886இல் கண்காட்சியில் அதனைக் கண்ட ஓவிய ஆசிரியை ஒருவர் விலைக்குக் கேட்டார், பவர்ஸ் மறுத்துவிட்டார். வறுமை நெருக்கவே, 1891இல் ஐந்து டாலருக்குக் கொடுத்தார். கொடுக்கையில் ஒவ்வொரு கட்டத்தின் பொருளையும் எடுத்துரைத்தார். பின்னும் பலமுறை வந்து பார்த்துச் சென்றார்.

வாங்கியவர் அவ்விளக்கத்தை எழுதிவைத்தார். அதனாலன்றோ, ஸ்மித்சோனியன் அருங்காட்சியகத்திலுள்ள அப்போர்வையில் அவர் கருதியதை இன்று நாம் அறிகிறோம்!

பத்தாண்டு கண்ட நம் வட்டம், கவிதைக்குப் பொருள் கேட்கிறது. பழந்துணி தைக்கும் கைகளிடம் கேட்டதுண்டா? கேட்போம், கேட்டதை எழுதிவைப்போம்.