ஜாமீன் கையெழுத்தும் ஊர் வீடும்

(மும்பையில் நமது சங்கத்தின் மாதக் கூட்டத்தில் ஆற்றிய உரை)



ரயில்வே பார்சல் ஆபீசில் வேலை பார்ப்பவன் நான். ரசீதின் பின்பக்கத்துப் பொடி எழுத்தை யாரும் படிப்பதில்லை என்று தினமும் காண்கிறேன். அப்படிப்பட்ட நானே, மச்சான் லேத் பட்டறை போட வாங்கிய கடனுக்குப் படிக்காமல் ஜாமீன் கையெழுத்துப் போட்டேன். நெல்லைச் சீமையில் அப்பா விட்டுச் சென்ற வீட்டுப் பத்திரத்தையும் அடமானமாகக் கொடுத்தேன்.

பட்டறை மூடிப்போயிற்று. வங்கி நோட்டீஸ் ஊர் விலாசத்துக்குப் போயிற்று. இங்கிலீஷ் தெரியாத அம்மா அதை டிரங்குப் பெட்டியில் பத்திரமாக வைத்துவிட்டார். 2017 பொங்கலுக்குப் போனபோதுதான் பார்த்தேன். 60 நாள் கெடு முடிந்து, கதவிலும் ஒரு தாள் ஒட்டியிருந்தது.

“கடன் வாங்கியவனை விட்டுவிட்டு என்னைப் பிடிக்கலாமா?” என்று எல்லோரும் கேட்கிறோம். பிடிக்கலாம் என்கிறது சட்டம். 1872-ம் வருஷத்து ஒப்பந்தச் சட்டத்தின் 128-வது பிரிவுப்படி, பத்திரத்தில் வேறுவிதமாக எழுதாவிட்டால், கடன்காரனின் பொறுப்பு முழுவதும் ஜாமீன்தாரருக்கும் உண்டு. முதலில் கடன்காரனிடம் வசூலித்துப் பார்க்க வேண்டும் என்ற கட்டாயமில்லை என்று உச்ச நீதிமன்றம் 1968-லேயே சொல்லிவிட்டது. ஆகவே அந்த வாதத்தை மட்டும் நம்பிப் போகாதீர்கள்.

பின் எதை நம்புவது? முதலில், வெறும் கையெழுத்தா, வீட்டையும் அடமானம் வைத்தோமா என்று பாருங்கள். அடமானம் வைக்காத சொத்தை 2002-ம் வருஷத்து சர்ஃபாசி சட்டத்தின்கீழ் வங்கி தானாக எடுக்க முடியாது. வழக்குப் போட்டு உத்தரவு வாங்கியாக வேண்டும். அடமானம் வைத்த நிலமானாலும், உண்மையில் சாகுபடி நடக்கும் விவசாய நிலத்தை இந்தச் சட்டம் தொடாது. பத்திரத்தில் நஞ்சை என்று எழுதியிருந்தால் மட்டும் போதாது.

அடமானம் வைத்த வீடானால் நாள் கணக்குத்தான் உயிர். நோட்டீஸ் வந்த 60 நாளுக்குள் எழுத்தில் ஆட்சேபம் கொடுங்கள். வங்கி 15 நாளில் காரணத்தோடு பதில் தரவேண்டும். சுவாதீனம் எடுக்க நடவடிக்கை வந்தால், 45 நாளுக்குள் கடன் மீட்புத் தீர்ப்பாயத்துக்குப் போகவேண்டும். ஊர் முன்சீப் கோர்ட்டில் தடை வாங்கலாம் என்று யாராவது சொன்னால் ஏமாறாதீர்கள். பொதுவாக 34-வது பிரிவு அந்தக் கதவை அடைத்திருக்கிறது. ஹைகோர்ட்டும் முதலில் தீர்ப்பாயத்துக்குப் போகவே சொல்லும். 2010-ல் ஜாமீன் கொடுத்த ஒரு பெண்மணியின் வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் அப்படிச் சொல்லியிருக்கிறது.

வெளியூரில் பிழைக்கும் நமக்கு ஒரு வசதி உண்டு. வீடு நெல்லையில் இருந்தாலும், கடன் கணக்கு மும்பைக் கிளையில் இருந்தால், 2016 திருத்தப்படி இங்கேயே மனுப் போடலாம். இன்னொன்றும் கேளுங்கள். தீர்ப்பாயத்தில் நுழையவே கேட்ட தொகையில் 75 சதவீதம் கட்டவேண்டும் என்று முன்பு இருந்தது. ஒரு பெரிய கம்பெனி போட்ட வழக்கில் 2004-ல் அதை உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. முதலாளி தனக்காகத் திறந்த கதவுதான், நாமும் நுழைவோம்!

நான் அப்படித்தான் நுழைந்தேன். விற்பனைக்கு முன் 30 நாள் நோட்டீஸ் தரவேண்டும் என்ற விதியை வங்கி மீறியிருந்தது. ஏல நோட்டீஸ் ரத்தாயிற்று. கடன் ரத்தாகவில்லை, தோழர்களே! கிடைத்தது அவகாசம் மட்டுமே. அதற்குள் ரயில்வே சொசைட்டியில் கடன் வாங்கி, மனைவியின் நகையையும் விற்று, வங்கியோடு பேசித் தீர்த்தேன். அம்மா அதே வீட்டில் இருக்கிறார். கட்டிய பணத்தை மச்சானிடம் கேட்க 145-வது பிரிவு எனக்கு உரிமை தருகிறது. மச்சான்தான் பேசுவதில்லை.

உறவுக்குக் கைகொடுக்காமல் இருக்க நம்மால் முடியாது. கொடுக்கும்போது, “இத்தனை ரூபாய்க்கு மட்டும்” என்று வரம்பு எழுதச் சொல்லிக் கேளுங்கள். பத்திர நகலும், இங்குள்ள விலாசமும் கொடுத்ததற்கு அத்தாட்சியும் வாங்குங்கள். பிற்பாடு உங்கள் சம்மதமின்றிக் கடன் நிபந்தனையை மாற்றினால், 133-வது பிரிவு உங்களுக்குத் துணை. ஆனால் அந்த உரிமையையே விட்டுக்கொடுப்பதாகப் பொடி எழுத்தில் இருக்கிறதா என்று பாருங்கள்.

ஜாமீன்தாரருக்கு அவர் அறிந்த மொழியில் நோட்டீஸ் வேண்டும் என்று நாம் கோருவோம். அந்தக் கோரிக்கை வெல்லும்வரை, ஊரிலிருந்து எந்தக் கடிதம் வந்தாலும் ஞாயிறு காலை சங்கத்துக்குக் கொண்டு வாருங்கள், சேர்ந்து படிப்போம். பெட்டிக்குள் மட்டும் வைக்காதீர்கள்.